ஒளிக்கூம்புக்குள்ள கை நீட்டினவை இருந்தா எழுதுங்கோ

கொட்டியாரன்:
அந்தோனி மெக்கால் 1973இல செய்த கூம்புப் படம்தான்: இருட்டு மண்டபத்தில மூட்டத்துக்குள்ளால புரொஜெக்டர் ஒளி ஒரு கோடாத் தொடங்கி மெல்ல மெல்லக் கூம்பா வளரும், சனம் அதைச் சுத்தியும் உள்ளயும் நடந்து பாக்கும். திருகோணமலையில உவர்மலைப் பக்கம் ஒரு மண்டபத்தில போட்டவை. பத்தாவது நிமிசமளவில ஒளி ஒரு பிள்ளையின்ர தோளை வெட்டிக்கொண்டு நிக்குது. பின்னால நின்றவர் அந்த ஒளியின்ர ஓரத்தை விரலால தடவிக்கொண்டே வாறார். கழுத்துக்கு நாலு விரல்கடை தள்ளிக் கை நிண்டுட்டுது. தொடேல்ல. ஆனா பிள்ளை சூடு பட்ட மாதிரி விலகிச்சுது.

நிலாவெளி:
தொடாததுக்கு ஒரு வழக்கோ? 1968இல வலி எக்ஸ்போர்ட் எண்ட ஒஸ்ரியக் கலைஞர் மார்பில பெட்டியைக் கட்டிக்கொண்டு தெருவில நிண்டு, பெட்டியின்ர திரைச்சீலைக்குள்ளால கையை விட்டுத் தன்ர மார்பைத் தொடச் சொன்னவ.

உப்புக்காற்று:
நிலாவெளி, பெட்டி அவவின்ர. கூப்பிட்டதும் அவ. கையை விட்டவர் பட்டப்பகலில, சனத்துக்கு முன்னால, அவவின்ர முகத்தைப் பாத்துக்கொண்டு நிக்கோணும். இருட்டு மண்டபத்தில ஆரும் ஆரையும் கூப்பிடேல்ல. ரெண்டையும் ஒண்டாப் போடாதையுங்கோ.

கேட்காட்டியும் சொல்லுறன், ஆளோட ஆள் இடிபடுறதுக்கு முக்கால்வாசிக் காரணம் கூம்பின்ர அளவுக் கணக்கு. லென்ஸிலயிருந்து சுவர் 10 மீற்றர், சுவரில வட்டம் 2.5 மீற்றர் எண்டால், லென்ஸுக்கு 2 மீற்றரில கூம்பின்ர அகலம் அரை மீற்றர்தான். ரெண்டு பேர் கை நீட்டினா முழங்கை முட்டும். 4 மீற்றர் வரைக்கும் கயிறு கட்டி மறியுங்கோ. படம் 30 நிமிசம். வட்டம் நிமிசத்துக்கு 12 பாகை வளரும். தொடக்கத்தில ஒரேயொரு கோடு, எல்லாரும் அதுக்குத்தான் பாய்வினம். முதல் 5 நிமிசம் ஆறேழு பேரோட நிப்பாட்டுங்கோ.

நாடகத்துக்கு வாடகைக்கு எடுக்கிற புகை மெஷின் வேண்டாம். அது கட்டி கட்டியாத் துப்பும். கூம்பில ஓட்டை விழும், பக்கத்தில நிக்கிற ஆளும் தெரியாது. மெல்லிய மூட்டம் விடுற ஹேஸ் மெஷின் எடுங்கோ. ஃபேன் ஓடக்கூடாது. கச்சான் காத்து அடிக்கிற மாதங்களில மேற்கு யன்னலை அடைக்காட்டி மூட்டம் நிக்காது, அடைச்சா வேர்த்து ஊத்தும். அதால கச்சானுக்க வைக்காதையுங்கோ, அவ்வளவுதான். டிஜிட்டல் புரொஜெக்டர் எண்டால் கறுப்பும் சாம்பலாக் கசிஞ்சு, கூம்பைச் சுத்தி ஒரு பெட்டி தெரியும். லென்ஸுக்கு ஒரு முழம் தள்ளி, நடுவில வட்டமா ஓட்டை வெட்டின கறுப்பு மட்டை வையுங்கோ.

கொட்டியாரன்:
கயிறு எல்லாம் சரி. அந்தப் பிள்ளை நிண்டது சுவரடியில, இடம் தாராளம். அங்கயும் கை வந்ததுதானே, அதுக்கு என்ன செய்யலாம்?