தாலி ஏறிய பிறகும் சம்மதமில்லை என்று நிறுவ முடிந்தது

தாலி கழுத்தில் ஏறிவிட்டால் பெண் சம்மதித்ததாகத்தான் நீதிமன்றம் எடுத்துக்கொள்ளும் என்று இங்கே சிலர் எழுதியிருப்பதால், மலேசியாவின் பேராக்கில் எங்கள் தோட்டப்புறச் சிறுநகரில் ஒரு பெண்ணுக்குத் துணையாக நின்றபோது கண்டவற்றைப் பகிர்ந்துகொள்கிறேன். அவளை அடையாளம் காட்டக்கூடிய விவரங்களைத் தவிர்த்திருக்கிறேன்.

பாட்டியை ஆஸ்பத்திரியில் சேர்த்திருக்கிறோம், உடனே புறப்படு என்று தாய்மாமன் வாட்ஸ்அப்பில் அனுப்பிய குரல்பதிவை நம்பி, வேலை முடிந்த கையோடு அவள் அவருடைய காரில் ஏறினாள். கார் போய் நின்றது வேறொரு தோட்டத்தில், உறவினர் வீட்டு வாசலில். கைப்பேசியையும் மைகாட் அடையாள அட்டையையும் வாங்கி வைத்துக்கொண்டார்கள். மறுநாள் காலை கோவிலில் தாலி கட்டப்பட்டது. தப்பி வந்தவளோடு புகார் கொடுக்கப் போனபோது, இது குடும்ப விவகாரம், பேசித் தீர்த்துக்கொள்ளுங்கள் என்றுதான் முதலில் பதில் கிடைத்தது.

பின்னர் மாமன் மீது வழக்கு நடந்தபோது, யாரும் அவளைக் கையைப் பிடித்து இழுக்கவில்லை என்பதே எதிர்த்தரப்பின் முதல் வாதம். ஆனால் குற்றவியல் சட்டத்தின் 362ஆவது பிரிவு, பலவந்தமாக ஒருவரைக் கொண்டுபோவதை மட்டுமல்ல, ஏமாற்றி ஓரிடத்திலிருந்து புறப்படச் செய்வதையும் கடத்தல் என்றே சொல்கிறது. ஆகவே பாட்டியின் உடல்நிலை பற்றிச் சொன்னது பொய் என்று காட்ட வேண்டியிருந்தது. எந்த ஆஸ்பத்திரியிலும் பாட்டி சேர்க்கப்பட்ட பதிவு இல்லை. அதைவிட வலுவாக நின்றது, தோட்டத் தொழிலாளர் குடியிருப்பான லயத்துக்கு எதிரே இருக்கும் மளிகைக் கடையில், 555 என்ற சிறு குறிப்பேட்டில் எழுதிவந்த கடன் கணக்கு: அதே தேதியில் பாட்டி தாமே வந்து வாங்கிய வெற்றிலையும் சர்க்கரையும் கடைக்காரரின் கையெழுத்தில் பதிவாகியிருந்தன. இத்தகைய சிறு காகிதங்களை முதல் சில நாள்களிலேயே தேடி எடுக்காவிட்டால் பிறகு கிடைக்காது.

கல்யாணத்தை ஜேபிஎன் எனப்படும் தேசியப் பதிவுத் துறையில் பதியவே இல்லை, 1976ஆம் ஆண்டுத் திருமண மணவிலக்குச் சட்டப்படி இது கல்யாணமே ஆகாது, பிறகு குற்றம் எங்கே என்றும் வாதிட்டார்கள். 366ஆவது பிரிவு பார்ப்பது கல்யாணம் செல்லுமா என்பதையல்ல. பெண்ணை அவள் விருப்பத்துக்கு மாறாக மணம் செய்யக் கட்டாயப்படுத்தும் நோக்கத்தோடு கடத்தினார்களா என்பதைத்தான். தாலி ஏறாமலே போயிருந்தாலும், அந்த நோக்கத்தோடு கடத்தியது நிரூபணமானால் பத்தாண்டு வரை சிறைத்தண்டனை விதிக்கலாம்.

சம்மதத்தைப் பற்றிய பகுதிதான் மிகவும் கடினமாக இருந்தது. மணமேடையில் அவள் புன்னகைத்தபடி நிற்கும் படம் ஒன்றை அவர்கள் திரும்பத் திரும்பக் காட்டினார்கள். 90ஆவது பிரிவின்படி, தீங்கு நேரும் என்ற அச்சத்தால் ஒருவர் கொடுத்த சம்மதம், அது அச்சத்தால் வந்தது என்று மற்றவருக்குத் தெரிந்திருக்குமானால், சம்மதமாகாது. அன்று விடியற்காலையில் அந்த வீட்டுப் பிள்ளையின் கைப்பேசியை வாங்கி அவள் தோழிக்கு அனுப்பிய செய்தி அழியாமல் இருந்தது: "அக்கா, அடிப்பேன்னு சொல்றாங்க, வந்து கூட்டிட்டுப் போங்க." சிரித்த படத்துக்கு முன்பே அனுப்பிய செய்தி அது என்பதை அதன் நேரம் காட்டியது.

அம்மா மருந்தைக் குடித்துவிடுவேன் என்று மிரட்டியதையும் அவள் சொன்னாள். இந்தச் சமுதாயத்தில் அதைவிடப் பெரிய நிர்ப்பந்தம் வேறில்லை என்பது என் உறுதியான எண்ணம். தற்கொலை மிரட்டலும் வற்புறுத்தலே என்று சென்னை உயர்நீதிமன்றம் ஏறத்தாழ ஒரு நூற்றாண்டுக்கு முன்பே ஓர் ஒப்பந்த வழக்கில் தீர்ப்பளித்திருந்தாலும், குற்றவியல் வழக்கை அதை மட்டும் நம்பி நடத்துவது ஆபத்து என்று அரசு வழக்கறிஞர் கருதியதால், அடிப்பேன் என்ற மிரட்டலையே முன்னிறுத்தினார்கள்.

மாப்பிள்ளைக்கு இந்த ஏமாற்று வேலை தெரிந்திருந்ததாகக் காட்ட எந்தச் சான்றும் இல்லை. பெண்ணுக்குச் சம்மதம் என்று மாமன் தம்மிடம் உறுதியளித்ததாக அவரே சாட்சி சொன்னார். அந்தச் சாட்சியத்துக்குப் பிறகு மாமன், வற்புறுத்தி மணம் செய்விப்பதைக் குற்றமாக்கும் 1976ஆம் ஆண்டுச் சட்டத்தின் 37ஆவது பிரிவின்கீழ் மாற்றுக் குற்றச்சாட்டை ஒப்புக்கொண்டார்.

இதே நிலையில் இருப்பவர்கள், வீட்டிலிருந்து எதைச் சொல்லி அழைத்துச் சென்றார்கள் என்பதைப் புகாரின் முதல் வரியிலேயே எழுதச் சொல்லுங்கள். கைப்பேசியில் எதையும் அழிக்காமல் அப்படியே ஒப்படையுங்கள். அவசரத்துக்குத் தாலியான் காசே (Talian Kasih) என்ற அரசு உதவித் தொலைபேசி 15999 எந்நேரமும் இயங்குகிறது.