மேகாங் டெல்டா மூன்று நாள் சுற்றுலா: எந்த வழி நல்லது, முன்பதிவுக்கு முன் என்ன கேட்க வேண்டும்?

வைகைக்கரை:

அக்டோபர் மூன்றாவது வாரம் வியட்நாமின் ஹோ சி மின் நகரத்தில் இறங்குகிறோம். திரும்பும் விமானமும் அங்கிருந்துதான். நடுவில் மூன்று பகல், இரண்டு இரவு வழிகாட்டியுடன் மேகாங் டெல்டா போக எண்ணம். மொத்தம் ஆறு பேர். இருவர் எழுபதைத் தாண்டியவர்கள், அதில் ஒருவருக்கு முழங்கால் வலி உண்டு. பத்து வயதுப் பிள்ளை ஒன்று. மூவர் சுத்த சைவம், முட்டையும் கிடையாது.

ஏஜென்டுகள் மூன்று திட்டம் அனுப்பியிருக்கிறார்கள்:

1. மீ தோ, பென் ட்ரே, வின் லாங் பக்கம் ஆன் பின் தீவில் ஓர் இரவு, கன் தோவில் ஓர் இரவு, திரும்பி வருதல்.
2. மீ தோ, கன் தோவில் ஓர் இரவு, சவ் தொக்கில் ஓர் இரவு, திரும்பி வருதல்.
3. இரண்டாவது போலவே, ஆனால் மூன்றாம் நாள் சவ் தொக்கிலிருந்து படகில் கம்போடியத் தலைநகர் ப்னோம் பென். பிறகு பஸ்ஸில் ஹோ சி மின் நகரம்.

எதை எடுக்கலாம்? மிதக்கும் சந்தை இப்போதும் நடக்கிறதா? அக்டோபரில் வெள்ளம் என்கிறார்களே, பயப்பட வேண்டுமா? வயதானவர்களுக்குப் படகு ஏறி இறங்குவது எப்படி இருக்கும்?

நீர்வழி:

இரண்டாவதை எடுங்கள். மாதம்தான் காரணம். அக்டோபரில் மேலே கம்போடியாவிலிருந்து வரும் நீர் சவ் தொக் சுற்றுவட்டார வயல்களில் பரவி நிற்கும். பேரிடர் என்று நினைக்க வேண்டாம். ஆகஸ்டில் ஏறி நவம்பரில் வடியும் வழக்கமான பருவநீர் இது. வண்டலும் மீனும் இதில்தான் வருகின்றன. அங்குள்ளவர்கள் இதற்காகக் காத்திருப்பார்கள். ஆற்றின் மேற்பகுதியில் அணைகள் வந்தபிறகு சில ஆண்டுகள் நீர் குறைவாகவோ தாமதமாகவோ வருகிறது. ஆனாலும் டெல்டாவை நீர் நிறைந்து பார்க்க இதைவிட நல்ல மாதம் இல்லை. மார்ச், ஏப்ரலில் போகிறவர்களுக்கு முதல் திட்டத்தைச் சொல்லியிருப்பேன்.

இனி நேரக்கணக்கு. பெரும்பாலான சுற்றுலாக்கள் சொதப்புவது இங்கேதான்.

முதல் நாள் எல்லா ஏஜென்டுகளிடமும் ஏறக்குறைய ஒன்றுதான். காலை ஏழரை, எட்டுக்குக் கிளம்பினால் 70 கிலோமீட்டரில் மீ தோ. பெரிய படகில் தோய் சோன் தீவு, தேன் கலந்த தேநீர், பழத்தட்டு, நாட்டுப்பாட்டு, தேங்காய் மிட்டாய்ப் பட்டறை, நீர்ப்பனை வாய்க்காலில் கால் மணி நேரச் சிறு ஓடம், சாப்பாடு. கூட்டம் இருக்கும், வாங்கச் சொல்வார்கள். அந்தப் பாட்டு தோன் கா தாய் தூ என்னும் தென் வியட்நாம் மரபிசை, 2013 முதல் யுனெஸ்கோ பட்டியலில் இருக்கிறது. அவர்கள் பாடும் அந்தப் பதினைந்து நிமிடமாவது போனைக் கீழே வைத்துவிட்டுக் கேளுங்கள். மற்றபடி முதல் நாளைப் பற்றி ரொம்ப யோசிக்க வேண்டியதில்லை.

முதல் இரவு கன் தோவில்தான் இருக்க வேண்டும், அதில் விட்டுக்கொடுக்காதீர்கள். காய் ராங் மிதக்கும் சந்தை நகரத்தின் நின் கியூ படித்துறையிலிருந்து 6 கிலோமீட்டர், படகில் அரை மணிக்குக் கொஞ்சம் மேலே ஆகும். சந்தை நிறைந்திருப்பது ஐந்தரை முதல் ஏழு வரை. அப்படியென்றால் ஐந்து, ஐந்தேகாலுக்கே படகில் ஏறியிருக்க வேண்டும். "7.00 ஓட்டலில் காலை உணவு, 8.00 படகு" என்று பயண நிரலில் போட்டிருந்தால் அந்த ஏஜென்டை விட்டுவிடுங்கள். நீங்கள் போய்ச் சேரும்போது வியாபாரம் முடிந்து, சுற்றுலாப் படகுகளே ஒன்றையொன்று பார்த்துக்கொண்டிருக்கும்.

சந்தை நடக்கிறது. ஆனால் பழைய படங்களில் பார்க்கும் நூற்றுக்கணக்கான படகுகளை எதிர்பார்க்காதீர்கள். இது மொத்த வியாபாரச் சந்தை. 2010இல் கன் தோ பாலம், 2023 கடைசியில் மீ துவானிலிருந்து கன் தோவுக்கு விரைவுச்சாலை என்று வந்தபின் லாரி தோட்டத்துக்கே போய்ச் சரக்கு ஏற்றுகிறது. படகில் கொண்டுவர வேண்டிய தேவை வருடா வருடம் குறைகிறது. காய் பே மிதக்கும் சந்தை ஏறக்குறைய மறைந்தேவிட்டது. அதன் பெயரை இன்னும் அச்சிடுகிற நிரல் பழைய நிரல்.

போகும்போது ஒவ்வொரு சரக்குப் படகின் முன்னாலும் நிமிர்ந்து நிற்கும் நீண்ட மூங்கில் கழியைப் பாருங்கள். அன்னாசி விற்றால் கழியின் நுனியில் அன்னாசி தொங்கும். பூசணி, முட்டைக்கோஸ், சர்க்கரைவள்ளி எல்லாம் அப்படித்தான். தூரத்திலிருந்தே எந்தப் படகில் என்ன சரக்கு என்று தெரிந்துவிடும். கொடியில் காயும் துணி விற்பனைக்கு அல்ல. கழியில் தென்னங்கீற்று தொங்கினால் அந்தப் படகே விற்பனைக்கு என்று அர்த்தம். பிள்ளைக்கு இதை முன்பே சொல்லிவிட்டால், அந்த ஒரு மணி நேரமும் கண்ணை எடுக்காமல் பார்க்கும்.

இரண்டாம் நாள் பத்து மணிக்குள் கன் தோவை விட்டால் மூன்று மணி நேரத்தில் சவ் தொக். மாலையில் சாம் மலை. உயரம் 284 மீட்டர்தான், வண்டி மேலே போகும். உச்சியிலிருந்து பார்த்தால் எல்லைவரை நீர் நின்ற வயல்கள். மூன்றாம் நாள் ட்ரா சூ காடு. மெலலூக்கா மரங்கள் நீரில் நிற்க, நீர் முழுக்கச் சிறு பச்சை மிதவைச் செடிகள் மூடியிருக்கும். பறவைகள் விடியற்காலையிலும் சாயங்காலமும்தான் அசையும். பல நிரல்களில் இதை நடுப்பகலில் வைக்கிறார்கள், அப்போது வெயிலும் படகு இரைச்சலும்தான் மிஞ்சும். ஆறரை, ஏழு மணிக்குக் காட்டு வாசலில் இருக்கும்படி கேளுங்கள். நுழைவுக் கட்டணமும் படகுக் கட்டணமும் தனித்தனி. இரண்டும் சேர்ந்ததா என்று எழுத்தில் வாங்குங்கள்.

சவ் தொக்கிலிருந்து ஹோ சி மின் நகரம் 240 கிலோமீட்டருக்கு மேல், ஆறு மணி நேரமாவது ஆகும். நகரத்துக்குள் நுழையும்போது மாலை நெரிசல் வேறு. அன்று இரவே விமானம் வைக்காதீர்கள்.

கீரைக்கட்டு:

சாப்பாட்டைப் பற்றி மட்டும் சொல்கிறேன். சுத்த சைவத்துக்கு டெல்டாவில் வழி இருக்கிறது, ஆனால் முன்பே ஏற்பாடு செய்யாவிட்டால் சிக்கல்தான். "சைவம்" என்று சொன்னால் இறைச்சித் துண்டுகளை எடுத்துவிட்டு, மீன் சாஸ் ஊற்றிய அதே கறியை வைப்பார்கள். எலும்பு வேகவைத்த சாறு, மீன் சாஸ், முட்டை என்ற மூன்றையும் தனித்தனியாகப் பெயர் சொல்லி வேண்டாம் என்று ஏஜென்டிடம் எழுதுங்கள். அங்கே சொல்ல வேண்டிய சொல் "ஆன் சாய்". பௌத்த முறைச் சைவம் என்று உடனே புரிந்துகொள்வார்கள்.

கன் தோவிலும் சவ் தொக்கிலும் "கோம் சாய்" என்னும் சைவச் சாப்பாட்டுக் கடைகள் உண்டு. சந்திர மாதத்தின் முதல் நாளும் பதினைந்தாம் நாளும், அதாவது அமாவாசை, பௌர்ணமியை ஒட்டி, பல வீடுகளில் சைவம்தான். அன்றைக்குச் சாலையோரக் கடைகளிலும் கிடைக்கும். உங்கள் தேதி அதையொட்டி விழுகிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

முதல் நாள் மதியம் தீவுச் சாப்பாடு என்பது பெரும்பாலும் முழுதாகப் பொரித்து, தட்டில் நிறுத்திவைத்த யானைக்காது மீன். சைவக்காரர்களுக்குத் தனித்தட்டு வேண்டும் என்பதை முந்தைய நாளே உறுதிசெய்யுங்கள், அந்தச் சமையலறையில் கடைசி நேரத்தில் மாற்ற முடியாது. மிதக்கும் சந்தையில் படகிலிருந்து நீட்டும் நூடுல்ஸ் எல்லாமே எலும்புச் சாறு. அன்னாசி, காபி, ஓட்டலில் கட்டி வாங்கிய ரொட்டி போதும்.

அக்டோபரில் ஒரு விசேஷம்: அகத்தி இனத்துச் சிறு மஞ்சள் பூ, அங்கே தியென் தியென். வெள்ளநீர் வரும்போது பூக்கும். அதைப் போட்டுப் புளிச்சாறு வைப்பார்கள். டோஃபு போட்டு சாய் முறையில் வைக்கச் சொல்லலாம். ட்ரா சூ போகும் வழியெல்லாம் பனைமரம், நம்முடைய அதே பனைதான். நுங்கும் பனைவெல்லமும் அங்கே சாலையிலேயே விற்கும். பெரியவர்கள் பார்த்ததும் வண்டியை நிறுத்தச் சொல்வார்கள், நிரலில் அதற்கும் அரை மணி விடுங்கள்.

துடுப்பு:

முழங்கால் விஷயம். மூன்று வகைப் படகில் ஏறுவீர்கள், மூன்றும் ஒன்றல்ல.

மீ தோவில் பெரிய படகு: நாற்காலி இருக்கும், கைப்பிடி இருக்கும், கவலையில்லை. கன் தோவில் சந்தைக்குப் போகும் படகு: இதில் இருபது, முப்பது பேர் ஏறும் பெரியதும் உண்டு, நாலைந்து பேர் சிறியதும் உண்டு. சிறியது சரக்குப் படகுகளின் நடுவே புகும், பெரியது ஓரமாகச் சுற்றிவிட்டு வரும். ஆறு பேர் என்பதால் கூரை போட்ட நடுத்தரப் படகு கேளுங்கள். மூன்றாவது, வாய்க்காலில் பெண்கள் துடுப்புப் போடும் சிறு ஓடம். உட்காரும் பலகை தரையிலிருந்து ஒரு சாண்தான் உயரம், எழுந்திருக்கப் பிடிமானம் கிடையாது. முழங்கால் மடங்காதவர் இதைத் தவிர்ப்பதே நல்லது. பெரிய படகிலேயே மறுமுனைக்குக் கொண்டுவிடச் சொல்லலாம். ஏறுகிறவர்கள் ஓரத்தில் கால் வைக்காமல் நடுவில் வைத்து, உடனே உட்கார வேண்டும். துடுப்புப் போட்டவருக்கு ஓடத்துக்கு 20,000 முதல் 50,000 டோங் (வியட்நாம் நாணயம்) கொடுப்பது வழக்கம். சில்லறையாக வைத்திருங்கள்.

டெல்டா முழுக்கக் கடல் ஏற்ற இறக்கம் உண்டு. இறக்கத்தில் படகு படித்துறைக்கு வெகு கீழே நிற்கும், பாசி பிடித்த படிகளில் இறங்க வேண்டும். செருப்புக்குப் பின்வார் கட்டாயம். சிறு வாய்க்கால்களில் அப்போது சேறுதான் இருக்கும், வழிகாட்டி நிரலை முன்பின் மாற்றினால் ஏமாற்றுகிறார் என்று எண்ண வேண்டாம். ஏற்றத்திலும் சிக்கல் உண்டு. செப்டம்பர் முதல் நவம்பர் வரை பௌர்ணமி, அமாவாசையை ஒட்டிய நாட்களில் கன் தோவின் தாழ்வான தெருக்களில் அதிகாலையும் மாலையும் தண்ணீர் ஏறி, சில மணி நேரத்தில் வடியும். அந்த நாட்களில் ஓட்டல் அறையைத் தரைத்தளத்தில் எடுக்காதீர்கள்.

வழியில் படகு திடீரென்று நின்றால் பதறாதீர்கள். நீண்ட தண்டின் கடைசியில் விசிறி வைத்த மோட்டாரில் ஆகாயத்தாமரை சுற்றிக்கொள்ளும். படகோட்டி தண்டைத் தூக்கி, கத்தியால் வேரை அறுத்துவிட்டு மறுபடி கிளப்புவார், இரண்டு நிமிட வேலை. அந்த நேரம் எட்டிப் பார்க்கிறேன் என்று எல்லோரும் ஒரே பக்கம் சாய்வதுதான் ஆபத்து.

பிள்ளைக்கு உயிர்காப்புச் சட்டை சிறிய அளவில் வேண்டும் என்று முன்பே எழுதுங்கள். படகில் இருப்பவை பெரும்பாலும் பெரியவர்கள் அளவு, தோளில் நழுவும். மழை பெரும்பாலும் மதியத்துக்கு மேல், ஒரு மணி நேரம் கொட்டி ஓயும். படகில் குடை பிடிக்க முடியாது, மழைக்கோட்டு எடுங்கள். டெங்கு உள்ள பகுதி என்பதால் கொசு மருந்தை மாலையில் மட்டுமல்ல, பகலிலும் பூச வேண்டும்.

வைகைக்கரை:

ரொம்ப நன்றி. இரண்டாவது திட்டம் என்று முடிவு செய்துவிட்டோம். இன்னும் இரண்டு கேள்வி. வீட்டில் ஒருவருக்கு ப்னோம் பென் ஆசை இன்னும் போகவில்லை, மூன்றாவது திட்டத்தில் என்ன சிக்கல்? அப்புறம், ஆறு பேருக்குப் பொதுக்குழுவா, தனி வண்டியா?

எல்லைக்கோடு:

ப்னோம் பென் பற்றி. முதல் சிக்கல் விசா. வியட்நாம் இ-விசா ஒருமுறை நுழைவுக்கு 25 டாலர், பலமுறைக்கு 50 டாலர். ஒருமுறை விசா என்றால் கம்போடியா எல்லையைத் தாண்டிய நொடியில் முடிந்தது. உங்கள் விமானம் ஹோ சி மின் நகரத்திலிருந்து என்பதால் ஆறு பேருக்கும் பலமுறை விசா வேண்டும். விண்ணப்பத்தில் நுழையும் இடம், வெளியேறும் இடம் இரண்டையும் பட்டியலிலிருந்து தேர்வு செய்வீர்கள். படகு போகும் எல்லை வின் சூங், பட்டியலில் "சோங் தியென்" என்ற ஆற்றின் பெயரில் தேடுங்கள். கம்போடிய இ-விசா எல்லா வாசலிலும் செல்லாது. பணம் கட்டும் முன் அதில் எழுதியிருக்கும் வாசல்களைப் படியுங்கள்.

படகுப் பயணம் ஐந்து மணி நேரம் அளவில். வழியில் இரண்டு நாட்டுச் சோதனைக்கும் தனித்தனியே இறங்கி ஏற வேண்டும், முழங்கால் வலிக்காரருக்கு அதுவே போதும். படகு காலையில் கிளம்புவதால் ட்ரா சூவும் விட்டுப்போகும். மூன்று நாளில் இது வேண்டாம். ப்னோம் பென்னிலிருந்து ஊர் திரும்பும் விமானம் இருந்தால் மட்டும் இந்த வழி பொருந்தும்.

நீர்வழி:

ஆறு பேருக்குத் தனி வண்டிதான். பொதுக்குழு என்பது பல ஏஜென்டுகள் விற்ற ஆட்களை ஒரே பஸ்ஸில் ஏற்றுவது. பணம் வாங்குபவர் ஒருவர், வண்டி ஓட்டுபவர் வேறொருவர். கன் தோ வந்ததும் திரும்புகிறவர்கள், சவ் தொக் போகிறவர்கள், கம்போடியா போகிறவர்கள் என்று பிரிப்பார்கள், வழிகாட்டியும் அங்கே மாறுவார். நீங்கள் எழுதிக் கொடுத்த சைவக் குறிப்பு பெரும்பாலும் அந்த இடத்தில்தான் தொலையும். பதினாறு இருக்கை வேன் கேளுங்கள், ஏழு இருக்கை வண்டியில் ஆறு பேரும் பெட்டிகளும் அடங்காது.

முன்பணம் கட்டும் முன் எழுத்தில் பதில் வாங்க வேண்டியவை: கன் தோ படகு எத்தனை மணிக்கு, என்ன அளவு. ட்ரா சூ எத்தனை மணிக்கு. மூன்று நாளும் ஒரே வழிகாட்டியா, அவரிடம் வழிகாட்டி அட்டை உண்டா. இரண்டு ஓட்டல்களின் பெயர், லிப்ட் உண்டா. கன் தோவில் நின் கியூ அருகே இல்லாவிட்டால் ஐந்து மணிப் படகுக்கு நாலரைக்கே எழுப்ப வேண்டியிருக்கும். கடை நிறுத்தங்கள் எத்தனை. "மலைப்பாம்பைத் தோளில் போட்டுப் படம்" என்ற நிறுத்தத்தை எடுத்துவிடச் சொல்லுங்கள், அந்த விலங்கு நாள் முழுக்கக் கைமாறிக்கொண்டே இருக்கிறது.

வரைபடத்தில் குழம்பாதீர்கள்: 2025 ஜூலை 1 முதல் மாகாணங்களை இணைத்துவிட்டார்கள். பென் ட்ரே இப்போது வின் லாங் மாகாணத்தில், மீ தோ தோங் தாப் மாகாணத்தில். நிரலில் பழைய பெயரும் வரைபடத்தில் புதுப் பெயரும் இருக்கும், இடம் ஒன்றுதான்.

பணம்: 20,000 டோங், 500,000 டோங் இரண்டு தாளும் நீலம். அதிகாலை இருட்டில் படகிலிருந்து காபி வாங்கும்போது தவறு நடப்பது இதில்தான். முந்தின இரவே 500,000 தாள்களைத் தனிப் பையில் போட்டு, சிறு தாள்களை மட்டும் சட்டைப்பையில் வையுங்கள்.