நாற்பத்தாறு வயதில் சைக்கிள் பழகினேன்: இந்த மகிழ்ச்சி எங்கிருந்து வருகிறது?

காவிரிக்கரை எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். நான் திருவானைக்காவலில் வசிக்கிறேன். எனக்கு 46 வயதாகிறது. சிறுவயதில் எங்கள் வீட்டில் அண்ணன்களுக்கு மட்டுமே சைக்கிள் இருந்தது. நான் கேட்டபோதெல்லாம், விழுந்து கை கால் ஒடிந்தால் யார் பார்ப்பது என்று சொல்லி அம்மா தடுத்துவிட்டார். திருமணத்துக்குப் பிறகு இருபது ஆண்டுகளுக்கும் மேலாகக் கணவரின் வண்டியில் பின்னால் அமர்ந்தோ, பேருந்திலோதான் எங்கும் சென்றிருக்கிறேன். என் மகளுக்குப் பதினொன்றாம் வகுப்பில் அரசு கொடுத்த சைக்கிள், அவள் கல்லூரிக்குக் கோயம்புத்தூர் சென்ற பிறகு காற்றிறங்கிச் சுவரோரமாகவே நின்றது. சென்ற மாதம் அதற்கு டியூப் மாற்றி, சீட்டை நன்றாகத் தாழ்த்தி, விடியற்காலையில் ஆளில்லாத மைதானத்தில் நானாகவே பழகத் தொடங்கினேன். முதலில் பெடலைத் தொடாமல் கால்களால் தரையை உந்தியே நகர்ந்துகொண்டிருந்தேன். பன்னிரண்டாம் நாள், உந்திய கால்கள் தரைக்குத் திரும்பாமல் பெடலின் மேல் நின்றுவிட்டன. மைதானத்தின் மறுகோடிவரை சென்ற பிறகுதான் நான் ஓட்டுகிறேன் என்பதே எனக்குத் தெரிந்தது. இறங்கி நின்று அழுதேன்.

வீட்டில் இதைச் சொன்னபோது, சின்னப் பிள்ளைபோல் இருக்கிறாய் என்று அன்பாகத்தான் சொன்னார்கள். ஆனால் அதன் பிறகு எனக்குள் ஒரு கேள்வி ஓயாமல் இருக்கிறது. இது குழந்தைப் பருவத்தில் கிடைக்காத ஒன்று காலம் தாழ்த்திக் கிடைத்ததால் வரும் மகிழ்ச்சி மட்டும்தானா, அல்லது சைக்கிள் ஓட்டுவதிலேயே அதைவிட ஆழமான ஏதோ ஒன்று இருக்கிறதா? உங்கள் அனுபவத்தைத் தயவுசெய்து எழுதுங்கள்.

கீரனூர் டீச்சர் எழுதியது:

அன்புச் சகோதரிக்கு வாழ்த்துகள். உங்கள் பதிவைப் படித்ததும் 1991, 92ஆம் ஆண்டுகளின் புதுக்கோட்டை மாவட்டம் என் கண்முன் வந்துவிட்டது. நான் அப்போது அறிவொளி இயக்கத்தில் தொண்டராக இருந்த இளம்பெண். எழுத்தறிவு வகுப்புகளோடு பெண்களுக்குச் சைக்கிள் கற்றுக்கொடுப்பதையும் சேர்த்துக்கொள்ள வேண்டும் என்பதில் அன்றைய மாவட்ட ஆட்சியர் ஷீலா ராணி சுங்கத் உறுதியாக இருந்தார். கல்குவாரியில் வேலை செய்தவர்கள், விவசாயக் கூலிப் பெண்கள், அங்கன்வாடிப் பணியாளர்கள், செவிலியர்கள் என்று எல்லோரும் பழகினார்கள். 1992ஆம் ஆண்டு மகளிர் தினத்தன்று 1,500க்கும் மேற்பட்ட பெண்கள் சைக்கிளில் புதுக்கோட்டை நகருக்குள் ஊர்வலமாக வந்தபோது, கடைகளிலிருந்த ஆண்கள் வேலையை விட்டுவிட்டுத் தெருவோரம் நின்று பார்த்தது எனக்கு இன்றும் நினைவிருக்கிறது.

நீங்கள் கேட்டதற்கு என் பதிலைச் சொல்கிறேன். அன்று பழகிய பெண்களில் பலர் உங்களைப்போலவே அழுதார்கள், ஆனால் அவர்களில் யாரும் இழந்த குழந்தைப் பருவத்தைப் பற்றிப் பேசியதாக எனக்கு நினைவில்லை. நாளொன்றுக்குச் சிலமுறையே வரும் பேருந்துக்காகச் சாலையில் காத்து நிற்க வேண்டியதில்லை, கேரியரில் குடத்தைக் கட்டித் தண்ணீர் கொண்டுவரலாம், காய்கறியைச் சந்தையில் விற்றுவிட்டுப் பிள்ளை பள்ளியிலிருந்து வருவதற்குள் வீடு திரும்பிவிடலாம் என்பவைதான் அவர்கள் வாயில் வந்த பேச்சு. அவற்றுக்கெல்லாம் அடியில் இன்னொன்று இருந்தது: என்னைக் கொண்டுபோய் விடுங்கள் என்று அப்பாவிடமோ அண்ணனிடமோ கணவரிடமோ இனிக் கேட்க வேண்டியதில்லை. லேடீஸ் சைக்கிள் கிடைக்காமல் ஆண்கள் சைக்கிளில் பழகியவர்கள் ஏராளம். பாரில் குழந்தையை உட்கார வைத்துக்கொள்ளலாம் என்பதால் அதையே விரும்பிக் கேட்டவர்களும் உண்டு. தாவணியும் சேலையும் செயினில் சிக்கிக் கிழியும், கேலிப் பேச்சுகள் காதில் விழும், ஆனாலும் மறுநாள் மறுபடியும் வருவார்கள். இருபது ஆண்டுகள் பின்னால் அமர்ந்து சென்ற நீங்கள், எந்தத் தெருவில் திரும்புவது என்று முதல்முறையாக நீங்களே முடிவு செய்திருக்கிறீர்கள். அந்த அழுகைக்கு அதுவே போதுமான காரணம் என்று நான் நம்புகிறேன்.

இயற்பியல் ஆசிரியர் எழுதியது:

டீச்சர் எழுதியதோடு முழுமையாக உடன்படுகிறேன். ஆயினும் ஓட்டுவதிலேயே ஏதேனும் இருக்கிறதா என்ற கேள்வியின் மறுபாதிக்கு என் பாடத்திலிருந்து ஒரு விடை சொல்ல விரும்புகிறேன். சைக்கிள் இடப்பக்கம் சாயும்போது ஹேண்டிலையும் இடப்பக்கமே திருப்பினால்தான் சக்கரங்கள் நம் உடல் பாரத்துக்குக் கீழே வந்து நம்மைத் தாங்கும். புதிதாகப் பழகுபவர்கள் பயத்தில் எதிர்ப்பக்கம் திருப்பி விழுந்துவிடுகிறார்கள். பழகியவர்களோ, வேகமாகச் செல்லும்போது வலப்பக்கம் திரும்புவதற்கு முன்னால் ஒரு கணம் ஹேண்டிலை இடப்பக்கம் மிக நுட்பமாக அசைக்கிறார்கள், ஆனால் அப்படிச் செய்வது அவர்களுக்கே தெரிவதில்லை. விழப்போகும் பக்கத்தை நோக்கியே திரும்பத் துணிவது நம் இயல்பான அச்சத்துக்கு நேர் எதிரான செயல். உங்கள் உடல் பன்னிரண்டு நாட்களில் அதை யாரும் சொல்லித்தராமலே கண்டுபிடித்துக்கொண்டது.

சுழலும் சக்கரமே வண்டியை நிமிர்த்தி வைக்கிறது என்ற விளக்கத்தைப் பலர் நெடுங்காலம் சொல்லிவந்தார்கள். இங்கிலாந்தைச் சேர்ந்த டேவிட் ஜோன்ஸ், முன்சக்கரத்தின் பக்கத்தில் எதிர்த்திசையில் சுழலும் இன்னொரு சக்கரத்தைப் பொருத்தி அந்த விளைவை நீக்கிப் பார்த்தார். அப்போதும் அந்த வண்டியை ஓட்ட முடிந்தது என்று 1970இல் எழுதினார். 2011இல் நெதர்லாந்து, அமெரிக்க ஆய்வாளர்கள், அந்த விளைவு இல்லாமலே ஆளின்றித் தானாக நிமிர்ந்து ஓடும் ஒரு வண்டியைச் செய்து காட்டினார்கள். இத்தனை நுட்பமான ஒன்றை உடல் அறிந்துகொள்ளும்போது மனம் வியக்கிறது, வாய்க்குச் சொல் கிடைப்பதில்லை. நீங்கள் கால்களால் உந்திப் பழகியது மிகச் சரியான முறை என்பதையும் சொல்லிவிடுகிறேன். ஜெர்மனியில் கார்ல் டிரைஸ் 1817இல் ஓட்டிக் காட்டிய முதல் இருசக்கர வண்டிக்குப் பெடலே கிடையாது; அதன்மேல் அமர்ந்து அவரும் தரையை உந்தித்தான் சென்றார்.

அருப்புக்கோட்டையான் எழுதியது:

மூவருக்கும் வணக்கம். ஒரு மறுப்பையும் இங்கே பதிய வேண்டியிருக்கிறது. என் அப்பா அலுமினியப் பாத்திரங்களைச் சைக்கிளில் கட்டி, சுற்றுவட்டாரக் கிராமங்களில் முப்பது ஆண்டுகள் விற்றவர். சித்திரை வெயிலில் எதிர்க்காற்றில் மிதித்துவிட்டு இரவில் முழங்காலில் தைலம் தேய்த்துக்கொள்வார். மொபெட் வாங்கிய நாளில் அவர் முகத்தில் இருந்த நிம்மதியை நான் மறக்க மாட்டேன். வேறு வழியில்லாமல் மிதிப்பவர்களை மறந்துவிட்டுச் சைக்கிளின் இன்பத்தைப் பேசுவது எனக்கு நெருடுகிறது.

ஆனால் அதே அப்பா, பாரம் இல்லாத ஞாயிற்றுக்கிழமைகளில் சைக்கிளைக் கவிழ்த்துப் போட்டு, செயினுக்கு எண்ணெய் விட்டு, சக்கரத்தில் கோட்டம் எடுத்து, என்னை முன்பாரில் வைத்துக் கண்மாய்க்கரை வரை ஓட்டிச் செல்வார். பெடல் மிதிப்பதை நிறுத்தியதும் ஃப்ரீவீல் எழுப்பும் அந்தக் கிரிகிரி சத்தத்தில் அவர் பாட்டு முணுமுணுப்பார். வாரம் முழுவதும் பிழைப்பாக இருந்த அதே வண்டி அந்த ஒரு மணிநேரம் அவருக்கு வேறொன்றாக இருந்தது. ஆகவே மகிழ்ச்சி வண்டியில் மட்டும் இருக்கிறதா என்று கேட்டால், எங்கே போக வேண்டும், எப்போது நிறுத்த வேண்டும் என்பது நம் கையில் இருக்கும்போதுதான் அது வெளிப்படுகிறது என்று எனக்குத் தோன்றுகிறது. டீச்சர் சொன்னதும் ஏறத்தாழ இதுதான்.

காவிரிக்கரை எழுதியது:

மூவருக்கும் மனமார்ந்த நன்றி. அருப்புக்கோட்டை அண்ணன் எழுதியதைப் படித்த பிறகு, எங்கள் தெருவுக்குக் காலையில் கீரை கொண்டுவரும் பெரியவரின் சைக்கிளை இன்று நின்று பார்த்தேன்; பெடலில் ரப்பர் தேய்ந்து வெறும் கம்பிதான் இருந்தது. அவரிடம் என்ன சொல்வதென்று எனக்குத் தெரியவில்லை.

இன்று ஞாயிறு என்பதால் கல்லணைச் சாலையில் திருவளர்ச்சோலை வரை தனியாகச் சென்று வந்தேன். இதே சாலையில் எத்தனையோ முறை வண்டியின் பின்னால் அமர்ந்து போயிருக்கிறேன், ஆனால் வாழைத் தோட்டங்களுக்குள் நீர் பாயும் ஓசை இன்றுதான் காதில் விழுந்தது. திரும்பும்போது ஒரு டீக்கடையில் நிறுத்தி, சைக்கிளுக்கு ஸ்டாண்டு போட்டுவிட்டு, தனியாக உட்கார்ந்து ஒரு டீ குடித்தேன். எனக்கு நினைவு தெரிந்து, யாரும் உடன் வராமல் நான் டீக்கடையில் டீ குடித்தது இதுவே முதல்முறை.