புதுப்பிப்பு: அம்மாவோடு பத்மநாபபுரம் அரண்மனை

மூட்டுவலி உள்ள அம்மாவைப் பத்மநாபபுரம் அரண்மனைக்குக் கூட்டிப் போகலாமா, தனியாகக் கைடு வேண்டுமா என்று கேட்டிருந்தேன். போய்விட்டு வந்தாச்சு.

தனிக் கைடு தேவைப்படவில்லை. தமிழ்நாட்டில், தக்கலைக்குப் பக்கத்தில் இருந்தாலும் அரண்மனை கேரளத் தொல்லியல் துறையிடம்தான் இருக்கிறது. அவர்களுடைய ஊழியர்கள் அங்கங்கே நின்று விளக்குகிறார்கள். கூட்டம் என்றால் ஒப்பிக்கிற வேகம்தான். கொஞ்சம் பின்தங்கி நின்று கேள்வி கேட்டால் நிதானமாகச் சொல்கிறார்கள்.

பூமுகம் என்கிற முகப்பு மண்டபத்தின் மரக்கூரையில் 90 விதப் பூக்கள். தொங்கும் குதிரை விளக்கை எந்தப் பக்கம் திருப்பிவிட்டாலும் அப்படியே நிற்குமாம். மேலே, ராஜா ஆலோசனை நடத்திய மந்திரசாலைக்குப் போகும் படி குறுகலும் செங்குத்தும். "அம்மைக்கு முட்டுவலியா? பையப் பிடிச்சு ஏறுங்க மக்களே" என்றார் அங்கிருந்த பெரியவர். அம்மா ஏறிவிட்டார்! மரச்சட்டங்களின் இடைவெளியில் காற்று வருகிறது, வெயில் வருவதில்லை. அம்மா பார்த்தது தரையைத்தான். தேங்காய்ச் சிரட்டைக் கரி, சுண்ணாம்பு, முட்டை வெள்ளைக்கரு எல்லாம் சேர்த்துத் தேய்த்ததாம். முகம் தெரிகிற கறுப்பு மினுமினுப்பு. செருப்பைக் கழற்றிவிட்டுப் போவதால் அந்தக் குளிர்ச்சி காலில் தெரியும்.

அரண்மனைக் கட்டடங்களில் தாய்க்கொட்டாரம்தான் (தாய் அரண்மனை) பழையது. திருவிதாங்கூர் மன்னர் மார்த்தாண்ட வர்மா அரண்மனையைப் பெரிதாக்கியது 18ஆம் நூற்றாண்டில். ஊட்டுப்புரை (சாப்பாட்டுக்கூடம்), நவராத்திரி மண்டபம் எல்லாம் ஓட்டமாகப் பார்த்தோம்.

திங்கட்கிழமை விடுமுறை. நேரம் இருந்தால் புலியூர்க்குறிச்சி உதயகிரிக் கோட்டையையும் சேர்த்துக்கொள்ளுங்கள். 1741 குளச்சல் போரில் பிடிபட்டு, பிறகு திருவிதாங்கூர் படைக்கே தளபதியான டச்சுப் படை அதிகாரி டிலனாயின் கல்லறை அங்கே இருக்கிறது.