வேர்க்கடலை ஒவ்வாமை உள்ள பிள்ளைக்கு வெளியில் எதைக் கேட்டு, எதை வாங்கிக் கொடுப்பது?

நங்கநல்லூர்த் தாய் எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். என் மகனுக்கு ஏழு வயது. வேர்க்கடலை அவனுக்கு ஒத்துக்கொள்ளாது என்பது மூன்று வயதிலேயே உறுதியானதால், வீட்டிற்குள் அதைக் கொண்டுவருவதே இல்லை. சென்ற மாதம் ஒரு சிற்றுண்டி விடுதியில், இலையில் இட்லி வைப்பதற்கு முன்பே, "சட்னியில் கடலை சேர்ப்பீர்களா?" என்று சப்ளையரிடம் கேட்டேன். "பொட்டுக்கடலைதாம்மா, வேற எதுவும் இல்லை" என்றார். இரண்டாவது இட்லியை வெள்ளைச் சட்னியில் தொட்டுச் சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போதே பிள்ளை கீழுதட்டைச் சொறியத் தொடங்கினான். கை கழுவிவிட்டு வருவதற்குள் உதடு வீங்கிவிட்டது. காதுக்குப் பின்னாலும் வயிற்றிலும் திட்டுத் திட்டாகத் தடிப்பு எழும்பியது. ஆட்டோவில் ஏறும்போது மூச்சில் இழுப்புச் சத்தம் கேட்டது. மருத்துவமனையில் ஊசி போட்ட சில நிமிடங்களில் மூச்சு சீரானது.

அன்றிலிருந்து வெளியில் அவனுக்கு எதையும் வாங்கிக் கொடுக்கவில்லை. ஆனால் தோழனின் பிறந்தநாளிலும், உறவினர் வீட்டுத் திருமணப் பந்தியிலும், கோயிலில் பிரசாதம் கொடுக்கும் இடத்திலும் அவன் மட்டும் ஒதுங்கி நிற்பதைப் பார்க்க மனம் பொறுக்கவில்லை. வெளியில் எந்தச் சிற்றுண்டியை ஓரளவு நம்பலாம், யாரிடம் எப்படிக் கேட்க வேண்டும், கடலை எண்ணெயில் பொரித்ததைக் கொடுக்கலாமா, உறவினர்கள் சொல்வதுபோல் சுண்டல், பயறு எல்லாவற்றையும் நிறுத்திவிட வேண்டுமா என்பவற்றை அனுபவம் உள்ளவர்கள் சொன்னால் பேருதவியாக இருக்கும்.

பழைய மாஸ்டர் எழுதியது:

வணக்கம் அம்மா. சென்னை ஓட்டல்களில் சட்னி, சாம்பார் பகுதியில் இருபத்திரண்டு ஆண்டுகள் வேலை பார்த்தவன் நான். தங்கள் பிள்ளைக்கு நேர்ந்ததைப் படித்ததும் மிகவும் வருத்தமாக இருந்தது. அந்தச் சப்ளையர் பொய் சொல்லியிருப்பார் என்று எனக்குத் தோன்றவில்லை. சட்னி அரைக்கும் இடத்தை அவர் பார்த்திருக்கவே மாட்டார். தேங்காய் விலை ஏறும் நாட்களில், அல்லது காலைக் கூட்டத்தில் சட்னி தீர்ந்து அவசரமாக அடுத்த ஈடு அரைக்கும்போது, வறுத்துத் தோல் நீக்கிய வேர்க்கடலையை ஒரு கை அள்ளிப் போடுவது பல சமையற்கட்டுகளில் வழக்கம். நிறம் மாறாது, சட்னி நீர்த்துப்போகாது, சுவையும் கூடும். ஆகவே காலை ஏழு மணிச் சட்னியும் ஒன்பது மணிச் சட்னியும் ஒன்றாக இருக்கும் என்று நம்ப முடியாது.

அடுத்தது, தாங்கள் கேட்ட சொல். "கடலை" என்று பொதுவாகக் கேட்டால் சமையற்கட்டில் ஆளுக்கொரு பொருள் கொள்வார்கள். கடலைப்பருப்பும் கடலை மாவும் பொட்டுக்கடலையும் கொண்டைக்கடலையிலிருந்து வருபவை. கடலை எண்ணெயும் கடலை மிட்டாயும் வேர்க்கடலையிலிருந்து வருபவை. தெற்கத்திக்காரர் அதையே நிலக்கடலை என்பார். விழுப்புரம், திருவண்ணாமலைப் பக்கத்திலிருந்து வந்தவர் மல்லாட்டை என்றோ மணிலா என்றோ சொல்வார். இப்போது அரைக்கும் வேலையில் வடமாநிலத் தம்பிகள் நிறைய இருக்கிறார்கள். அவர்களுக்கு அது மூங்பலி. எனவே, தோலுடன் கூடிய வேர்க்கடலையின் படம் ஒன்றைக் கைப்பேசியில் வைத்துக்கொண்டு, அதைக் காட்டிக் கேளுங்கள். கேட்பதையும் அரைத்தவரிடமே கேளுங்கள். பிற்பகல் மூன்று, மூன்றரை மணிக்குக் கூட்டம் குறைந்திருக்கும்போது போனால் மாஸ்டரே வெளியே வந்து நின்று பதில் சொல்வார். காலை எட்டரை மணிக்கு அவரால் தலையைக்கூடத் திருப்ப முடியாது.

ஆவியில் வெந்த இட்லியும் இடியாப்பமும் ஓரளவு நம்பத் தகுந்தவை. ஆபத்து பெரும்பாலும் தொட்டுக்கொள்வதில்தான் இருக்கிறது. இட்லிப் பொடியில் எள்ளோடு வேர்க்கடலையும் வறுத்து அரைப்பவர்கள் உண்டு. குருமாவில் முந்திரிக்குப் பதிலாக வேர்க்கடலை விழுதைச் சேர்த்துக் கெட்டியாக்குபவர்களும் உண்டு. எலுமிச்சைச் சாதம், புளியோதரை இரண்டையும் கடலையைப் பொறுக்கி எடுத்துவிட்டுக் கொடுக்கலாம் என்று தயவுசெய்து நினைக்காதீர்கள். தாளித்த எண்ணெய் சோறு முழுவதும் பரவியிருக்கும். சட்னியில் கடலை போடவே இல்லை என்று மாஸ்டர் உறுதியாகச் சொன்னாலும், முந்தைய ஈடு அரைத்த ஜாரைக் கழுவினார்களா என்று ஒரு வார்த்தை கேளுங்கள். இயன்றால் சட்னியை மட்டும் வீட்டிலிருந்து எடுத்துச் செல்லுங்கள். நல்ல மாஸ்டர் யாரும் அதைத் தவறாக எடுத்துக்கொள்ள மாட்டார்.

தாம்பரம் தந்தை எழுதியது:

மாஸ்டர் ஐயா சொன்னது முற்றிலும் சரி. என் மகளுக்குப் பதினான்கு வயது. அவளுக்கும் வேர்க்கடலை ஒவ்வாமை உண்டு. தாங்கள் கேட்டவற்றில் எண்ணெயையும் பயறுகளையும் பற்றி மட்டும் எழுதுகிறேன்.

ஒவ்வாமையைத் தூண்டுவது வேர்க்கடலையில் உள்ள புரதம். வறுத்தாலும் பொரித்தாலும் அது போய்விடாது. நன்கு சுத்திகரித்த கடலை எண்ணெயில் அந்தப் புரதம் ஏறக்குறைய முழுவதும் நீக்கப்பட்டுவிடுவதால், ஒவ்வாமை உள்ளவர்களில் பெரும்பாலோருக்கு அது தொல்லை தருவதில்லை. ஆனால் இப்போது தெருவுக்குத் தெரு விற்கும் மரச்செக்கு எண்ணெயில் புரதம் தங்கியிருக்கும். அதை வேர்க்கடலையாகவே கருதி விலக்க வேண்டும். பஜ்ஜிக் கடைகளில் எண்ணெய் எதுவாக இருந்தாலும், அதே வாணலியில் சற்று முன் மசாலாக் கடலை பொரித்திருந்தால் அந்த பஜ்ஜி நம் பிள்ளைகளுக்கு ஆகாது. காராசேவும் அப்படித்தான். பக்கத்துத் தட்டில் மிக்சர் இருக்கும், இரண்டையும் ஒரே கரண்டியால் அள்ளிப் போடுவார்கள்.

பயறுகளை எல்லாம் நிறுத்த வேண்டாம். வேர்க்கடலையும் கொண்டைக்கடலையும் துவரையும் ஒரே தாவரக் குடும்பத்தைச் சேர்ந்தவைதான் என்றாலும், வேர்க்கடலை ஆகாத பிள்ளைகளில் பெரும்பாலோர் மற்றப் பயறுகளைத் தொல்லையின்றிச் சாப்பிடுகிறார்கள். அவன் இதுவரை நலமாகச் சாப்பிட்டு வந்த பயறைப் பயத்தினால் விலக்கினால் வளரும் பிள்ளைக்குச் சத்துதான் குறையும். ஐயம் இருந்தால் ஒவ்வாமை மருத்துவரிடம் தோல் பரிசோதனையோ, ஒவ்வாமையைத் தூண்டும் எதிர்ப்பொருளை அளக்கும் ஐ.ஜி.இ. இரத்தப் பரிசோதனையோ செய்துகொள்ளலாம். ஒரு துளி இரத்தத்தில் இருநூறு உணவுகளைச் சோதிப்பதாக விற்கும் ஐ.ஜி.ஜி. பரிசோதனைகளை மட்டும் நம்பாதீர்கள். அவை ஒவ்வாமையைக் காட்டுபவை அல்ல.

தாங்கள் கேட்காத ஒன்றையும் சொல்லியே ஆக வேண்டும். மூச்சில் இழுப்பு வந்த பிள்ளை என்பதால், அடுத்த முறையும் அப்படி வரக்கூடும் என்றே எண்ணித் தயாராக இருங்கள். ஒவ்வாமை மாத்திரை அரிப்பைக் குறைக்குமே தவிர, மூச்சுத் திணறலை நிறுத்தாது. அதற்கு உரிய மருந்து அட்ரினலின்; தொடையின் வெளிப்பக்கத் தசையில் போட வேண்டும். வெளிநாடுகளில் உள்ள பேனா போன்ற ஊசி இங்கே மருந்துக் கடைகளில் எளிதில் கிடைப்பதில்லை. எங்கள் மருத்துவர் மருந்துக் குப்பியும் சிரிஞ்சும் எழுதிக் கொடுத்து, மகளின் எடைக்கு உரிய அளவை ஓர் அட்டையில் குறித்து, என்னையும் என் மனைவியையும் வெறும் தண்ணீரை வைத்துப் பழகச் செய்தார். தங்கள் மருத்துவரிடமும் இதைக் கேளுங்கள். ஊசி போட்டவுடன் 108-ஐ அழைத்துவிட வேண்டும். பிள்ளையை நடக்க விடக் கூடாது. தேறியதுபோல் தெரிந்தாலும் சில மணி நேரத்தில் மீண்டும் வரக்கூடும் என்பதால், மருத்துவமனையில் இருக்கச் சொன்னால் இருந்தே ஆக வேண்டும்.

எள் ஆகாதவள் எழுதியது:

சகோதரிக்கு வணக்கம். பொட்டல உணவைப் பற்றி மட்டும் சிறிது சொல்கிறேன். 2020-இல் வந்த உணவுப் பாதுகாப்பு ஆணையத்தின் விதிகளின்படி, கோதுமை போன்ற, குளூட்டன் என்னும் புரதம் உள்ள தானியங்கள், இறால், நண்டு வகைகள், பால், முட்டை, மீன், வேர்க்கடலை, முந்திரி, பாதாம் போன்ற கொட்டைகள், சோயா, ஒரு கிலோவுக்கு 10 மில்லிகிராம் அல்லது அதற்கு மேல் உள்ள சல்ஃபைட் என்னும் கெடாமல் காக்கும் பொருள் ஆகியவற்றைப் பொட்டலத்தில் தனியே குறிப்பிட வேண்டும். எனவே தங்கள் மகனுக்கு அச்சிட்ட பொட்டலம் ஓரளவு துணை செய்யும். அந்தப் பட்டியலில் எள் இல்லை; அதனால் நான் ஒவ்வொரு பொட்டலத்திலும் சேர்மானங்கள் முழுவதையும் படிக்கிறேன். எடை போட்டுத் தரும் இனிப்புகளில் படிப்பதற்கு எதுவும் இருக்காது. அவற்றை நான் வாங்குவதே இல்லை. தாங்களும் வாங்க வேண்டாம். 10 அல்லது அதற்கு மேற்பட்ட கிளைகள் உள்ள உணவகங்கள் ஒவ்வாமைப் பொருள்களைப் பற்றிய தகவலைத் தர வேண்டும் என்பதும் விதிதான், உரிமையோடு கேளுங்கள்.

நங்கநல்லூர்த் தாய் எழுதியது:

மூவருக்கும் மனமார்ந்த நன்றி. மருத்துவரிடம் சென்று ஊசி போடப் பழகிக்கொண்டோம்; மருந்தும் அட்டையும் இப்போது அவனுடைய பையின் முன்னறையில் இருக்கின்றன. பள்ளியிலும் ஒன்று கொடுத்திருக்கிறோம். சனிக்கிழமை மூன்றரை மணிக்கு வீட்டருகே உள்ள வேறொரு ஓட்டலுக்கு அழைத்துச் சென்றேன். மாஸ்டரிடம் படத்தைக் காட்டியதும், "காலையில போட்டோம்மா, ஜார் இன்னும் கழுவல" என்று மறைக்காமல் சொன்னார். இட்லியை மட்டும் தனித்தட்டில் வாங்கி, வீட்டில் அரைத்துக் கொண்டுபோயிருந்த தேங்காய்ச் சட்னியோடு கொடுத்தேன். நான்கு இட்லி சாப்பிட்டான். அடுத்த மாதத் திருமணத்திற்குச் சமையல் ஒப்பந்தக்காரரிடம் பேசிவிட்டேன். முதல் பந்திக்கு முன்பே, எந்தக் கரண்டியும் படுவதற்கு முன், அவனுக்கு வெறும் சோறும் பருப்பும் அப்பளமும் தனியே எடுத்து வைத்துவிடுவதாகவும், அப்பளம் பொரிக்கப் புது எண்ணெய் வைப்பதாகவும் ஒப்புக்கொண்டிருக்கிறார்.