அமெரிக்க ராணுவ ஆணையில் வரும் யூஐசி: எப்படிப் படிப்பது, எங்கே தேடுவது?

கேள்வி:
அமெரிக்கத் தரைப்படையின் பழைய பணிமாற்ற ஆணை ஒன்றில், யூனிட் பெயருக்குப் பக்கத்தில் ஆறு இடக் குறியீடு இருக்கிறது. டபிள்யூவில் தொடங்கி பி0 என்று முடிகிறது. அதே யூனிட்டின் சரக்குச் சீட்டிலோ டபிள்யூவில் தொடங்கும் வேறொரு குறியீடு. இதில் எது யூஐசி, அதாவது யூனிட்டை அடையாளம் காட்டும் குறியீடு (யூனிட் ஐடென்டிஃபிகேஷன் கோட்)? கூகுளில் போட்டால் ஒன்றும் வரவில்லை.

பதில் 1:
ஆணையில் இருப்பதுதான் யூஐசி. முதல் எழுத்து எந்தப் படை என்று காட்டும்: டபிள்யூ தரைப்படை, என் கடற்படை, எஃப் விமானப்படை, எம் மரைன் கோர். தரைப்படையில் முதல் நான்கு இடம் தாய் யூனிட்டுடையது, கடைசி இரண்டு உட்பிரிவு. பட்டாலியனுக்கு (பல கம்பெனிகள் சேர்ந்த படைப்பிரிவு) ஏஏ, அதன் ஏ கம்பெனிக்கு ஏ0, பி கம்பெனிக்கு பி0. கம்பெனி அளவில் தேடினால் சிக்குவது அபூர்வம். கடைசி இரண்டையும் ஏஏ என்று மாற்றித் தேடிப் பாருங்கள். பி-க்கு அடுத்து வருவது பூஜ்யம். ஸ்கேன் பிரதிகளில் அது ஓ ஆகிவிடும், பி எட்டாகிவிடும். மூலத்தைக் கண்ணால் பார்த்துத் தட்டச்சு செய்வதே நல்லது.

பதில் 2:
சரக்குச் சீட்டில் இருப்பது டோடாக், அதாவது பாதுகாப்புத் துறையின் முகவரிக் குறியீடு. அதுவும் ஆறு இடம், அதுவும் டபிள்யூ, அதனால்தான் இந்தக் குழப்பம். யூஐசி ஒரு யூனிட்டைக் குறிக்கும். டோடாக் முகவரியைக் குறிக்கும். ஒரே டோடாக்கின் கீழ் தபாலுக்கு, சரக்கு இறக்க, பில் அனுப்ப எனத் தனித்தனி முகவரிகள் இருக்கலாம். ஒரு யூனிட்டுக்கே பல டோடாக்குகளும் இருக்கலாம். ஆகவே தரைப்படையில் ஒன்றிலிருந்து மற்றதை ஊகிக்க முடியாது.

ஒப்பந்த அலுவலகத்தின் டோடாக் என்றால் வேலை சுலபம். இன்றைய பாதுகாப்புத் துறை ஒப்பந்த எண்ணின் முதல் ஆறு இடமே அதுதான். அமெரிக்க அரசின் செலவு விவரங்களைக் காட்டும் யூஎஸ்ஏஸ்பெண்டிங் தளத்தில் அப்படித் தொடங்கும் ஒப்பந்தத்தைத் திறந்தால் அலுவலகத்தின் பெயர் தெரியும். உதாரணமாக, என்00024 கடற்படையின் நாவ்சீ (கப்பல்களைக் கவனிக்கும் தலைமையகம்), என்00019 நாவ்ஏர் (விமானங்களைக் கவனிப்பது).

கேட்டவர்:
கப்பல்களுக்கும் இதே முறைதானா?

பதில் 3:
இல்லை. கடற்படை யூஐசியில் முன்னால் வரும் என் எழுத்தை விட்டால் ஐந்து இடம்தான், பெரும்பாலும் எண்கள். கப்பலுடையது கடற்படையின் கப்பல் பதிவேடான நேவல் வெசல் ரிஜிஸ்டர் தளத்தில் அந்தந்தக் கப்பலின் பக்கத்திலேயே இருக்கும், லாகின் தேவையில்லை. சப்ளை ஆவணங்களில் அதே ஐந்து எண்ணுக்கு முன்னால் பசிபிக் கப்பற்படை என்றால் ஆர், அட்லாண்டிக் என்றால் வி வரும். எண் ஒன்றாக இருந்தால் முன்னெழுத்தைப் பார்த்து மிரள வேண்டாம்.

எக்செல்லில் ஒட்டும்முன் அந்த நெடுவரிசையை டெக்ஸ்ட் ஆக மாற்றிவிடுங்கள். இல்லாவிட்டால் 00024 வெறும் 24 ஆகிவிடும், அப்புறம் எந்தப் பட்டியலோடும் பொருந்தாது.

தரைப்படைக்கு முழுப் பட்டியல் அதன் எஃப்எம்எஸ்வெப் என்ற தளத்தில் உண்டு. ஆனால் பாதுகாப்புத் துறையின் அடையாள அட்டையான காமன் ஆக்சஸ் கார்டு இல்லாமல் உள்ளே போக முடியாது.