மௌனப்படங்களில் எல்லோஸ்டோன் வானம் ஏன் வெளுத்திருக்கிறது?

கேள்வி:
அமெரிக்காவின் எல்லோஸ்டோன் பூங்கா, கிராண்ட் கேன்யன் பள்ளத்தாக்கு ஆகிய இடங்களில் மௌனப்பட காலத்தில் எடுக்கப்பட்ட சில துண்டுப் படங்களைப் பார்த்தேன். ஓல்டு ஃபெய்த்ஃபுல் வெந்நீர் ஊற்று பீறிடும்போது நீராவி எங்கே முடிகிறது, வானம் எங்கே தொடங்குகிறது என்றே தெரியவில்லை. கிராண்ட் கேன்யனின் செம்பாறைகளோ கரி பூசியதுபோல் இருக்கின்றன. படச்சுருள் நாள்பட்டுப் பழுதானதா, எடுத்தபோதே இப்படித்தான் பதிவானதா?

மறுமொழி 1:
பெரும்பாலும் எடுத்தபோதே அப்படித்தான். அக்காலக் கறுப்பு வெள்ளைச் சுருள் நீல ஒளியை மிகுதியாக உணர்ந்தது. சிவப்பை ஏறக்குறைய உணரவே இல்லை. ஆகவே நீல வானம் வெள்ளையாகவும் செம்பாறை கறுப்பாகவும் பதிந்தன. கருமையான பைன் மரங்கள் பின்னணியில் அமையுமாறு கேமராவை வைத்தாலும் ஊற்றின் அடிப்பகுதிக்குத்தான் அது உதவும். முப்பது மீட்டருக்கு மேல் எழும் உச்சி வெளுத்த வானத்தில் கரைந்துவிடும். எல்லா நிறங்களையும் உணரும் சுருள் 1920களில்தான் பரவலானது.

மறுமொழி 2:
இதைவிடப் பெரிய தலைவலி நேரம்தான் என்பது என் கருத்து. அக்காலக் கேமராவின் கைப்பிடியை நொடிக்கு இருமுறை சுற்றினால் பதினாறு சட்டகங்கள் (தனித்தனிப் படங்கள்), அதாவது ஓர் அடி சுருள், ஓடிவிடும். ஊற்றோ முழுமையாகப் பீறிடுவதற்கு முன் பலமுறை சிறிதாகத் தெறித்து ஏமாற்றும். ஒவ்வொரு தெறிப்புக்கும் சுற்றினால் சுருள் வீண். காத்திருந்தால் தொடக்கம் தவறிவிடும். தவறினால் மறுபடியும் ஒரு மணி நேரத்துக்கு மேல் காத்திருக்க வேண்டும். பல துண்டுகள் ஊற்று ஏற்கெனவே உயர்ந்து நிற்கும் நிலையில் தொடங்குவதற்கு இதுவே காரணமாக இருக்கலாம்.

மறுமொழி 3:
முதல் மறுமொழியுடன் உடன்படுகிறேன். ஆனால் பழுதை அடியோடு ஒதுக்க முடியாது. அமெரிக்காவில் 1912 வரை திரைப்படம் என்ற பெயரில் பதிப்புரிமை பதிய வழியில்லாததால், சட்டகங்களைக் காகிதச் சுருளில் அச்சிட்டு, புகைப்படங்களாக அமெரிக்க நாடாளுமன்றத்தின் நூலகமான காங்கிரஸ் நூலகத்தில் ஒப்படைத்தார்கள். எளிதில் தீப்பற்றும் நைட்ரேட் மூலச் சுருள்கள் அழிந்தபின், அந்தக் காகிதத்திலிருந்து மீண்டும் படமெடுத்த பிரதிகள்தான் பல படங்களுக்கு இன்று மிஞ்சியுள்ளன. அப்படிப் பிரதியெடுக்கும்போது மெல்லிய சாம்பல் நிற வேறுபாடுகள் தேய்ந்துபோகும்.

கிராண்ட் கேன்யனைப் பொறுத்தவரை, புகைப்படக் கலைஞர்களான கோல்ப் சகோதரர்கள் 1911-12இல் கொலராடோ ஆற்றில் படகில் சென்று எடுத்த படத்தைத் தேடிப் பாருங்கள். பாறைகளின் நிறம் அதிலும் கிடைக்காது. ஆனால் நுரைத்துப் புரளும் வெண்ணீர் அந்தக் கரும்பாறைகளின் முன் மிகத் துல்லியமாகத் தெரியும்.